வீட்டு எஸ்பிரெஸோ பொறியைத் தேர்ந்தெடுக்கும் முறை

இந்தியாவில் விளையும் காப்பிக்கொட்டையில் பெரும்பகுதி வெளிநாடுகளுக்கு ஏற்றுமதியாகிறது. அதனை வாங்கும் நாடுகளுள் இத்தாலி பல்லாண்டுகளாக முன்னணியில் இருந்து வருகிறது. இங்கு விளையும் ரொபஸ்டா வகைக் கொட்டை அந்நாட்டின் எஸ்பிரெஸோ கலவைகளில் இடம்பெறுகிறது. கொட்டை கடல் கடந்து சென்றது போக, அதனை வடிக்கும் இத்தாலியப் பொறி இப்போது இந்திய இல்லங்களை நாடி வருகிறது. இவற்றுள் உயர்தரமானவற்றின் விலை இலட்சக்கணக்கான ரூபாய் ஆகும். விலை உயர்ந்த பொறியை வாங்கியபின்னும், குடிக்கும் காப்பி ஒருநாள் புளித்தும் மறுநாள் கசந்தும் போவதைக் கண்டு மனம் சலிப்போர் பலர்.

காப்பித் தோட்டப் பகுதிகளில் பணியாற்றும் களப்பணியாளர்களிடமும், அறிவியல் கற்பிக்கும் ஆசிரியர்களிடமும் இத்தகைய பொறிகளைப் பற்றி அறிவுரை கேட்கப்படுவது இயல்பே. அறிவுரை கூறுதற்கு விளம்பரத் தாள்கள் துணைசெய்யா. பொறியினுள் நிகழும் இயற்பியல் நிகழ்ச்சிகளை உணர்ந்தால்தான், எதற்குப் பணம் கொடுக்கலாம், எதற்குக் கொடுக்க வேண்டுவதில்லை என்பது தெளிவாகும்.

எஸ்பிரெஸோ என்பது யாது?

நம் நாட்டு வடிகட்டிக் காப்பியில், வெந்நீர் தன் எடையினாலேயே தூளினூடே மெல்ல இறங்குகிறது. டிகாக்ஷன் இறங்கப் பல நிமிடங்கள் ஆகின்றன. எஸ்பிரெஸோ முறையிலோ, மிக நுண்ணியதாக அரைத்து அழுத்தப்பெற்ற தூளின் வழியே வெந்நீர் மிகுந்த அழுத்தத்துடன் செலுத்தப்படுகிறது. வடித்தல் அரை நிமிடத்தில் முடிந்துவிடுகிறது.

இத்தாலிய மரபின்படி ஒரு கிண்ணத்திற்கு ஏறத்தாழ 7 கிராம் தூள், 88 டிகிரி சென்டிகிரேடு அளவிலான நீர், 9 பார் அழுத்தம், 25 வினாடிக் காலம், 25 மில்லிலிட்டர் வடிநீர் என்பவை அளவுகளாகக் கொள்ளப்படுகின்றன. இக்காலத்தில் 18 கிராம் தூளிலிருந்து 36 கிராம் வடிநீரை 25 முதல் 30 வினாடிகளில் எடுப்பதும், நீரை 90 முதல் 96 டிகிரி வரையில் வைப்பதும் பெருவழக்காகியுள்ளன. வறுத்த கொட்டையில் நீரில் கரையத்தக்க பொருள்கள் ஏறத்தாழ 30 சதவீதம் உண்டு. தூளின் எடையில் 18 முதல் 22 சதவீதம் வரை கரைந்து வருவதே சுவைக்கு உகந்தது. குறைவாகக் கரைந்தால் புளிப்பும், மிகுதியாகக் கரைந்தால் கசப்பும் மேலோங்கும்.

எனவே ஒரு நல்ல கிண்ணத்தைத் தீர்மானிப்பவை நான்கு: நீரின் வெப்பநிலை, அழுத்தம், தூளின் நுண்மை, நீரின் தன்மை. இந்நான்கில் முதலிரண்டு மட்டுமே காப்பிப் பொறியைச் சார்ந்தவை. ஏனைய இரண்டும் பொறிக்கு வெளியே உள்ளவை. இவ்வுண்மையை மறப்பதே பெரும்பாலான ஏமாற்றங்களுக்குக் காரணம்.

பொறி வளர்ந்த வரலாறு

இத்தாலியின் டூரின் நகரில் ஆஞ்சலோ மொரியொண்டோ என்பவர் 1884ஆம் ஆண்டில் நீராவியால் இயங்கும் காப்பிப் பொறி ஒன்றிற்குக் காப்புரிமை பெற்றார். 1901இல் மிலான் நகரத்து லூயிஜி பெட்ஸெரா கிண்ணம் கிண்ணமாக வடிக்கும் பொறியை அமைத்தார். தெஸிதெரியோ பவோனி அக்காப்புரிமையை விலைக்கு வாங்கிப் பொறியை வாணிகத்திற்குக் கொணர்ந்தார். இப்பொறிகளில் நீரை உந்தியது கொதிகலனின் நீராவியே. அதனால் கிடைத்த அழுத்தம் ஒன்றரை பார் அளவே இருந்தது. மேலும், நீராவி அழுத்தத்தை உயர்த்தினால் நீரின் வெப்பமும் உடன் உயர்ந்து காப்பியைக் கருக்கியது.

அழுத்தத்தையும் வெப்பத்தையும் வெவ்வேறாகப் பிரித்தாலன்றி இக்குறை தீராது. அக்கிலே கஜ்ஜா என்னும் மிலான் நகரத்தவர் இதனை நிறைவேற்றினார். 1938இல் தம் முதற் காப்புரிமையைப் பெற்ற அவர், 1940களின் இறுதியில், நெம்புகோலும் வில்சுருளும் கொண்டு பிஸ்டனை இயக்கி நீரை அழுத்தும் பொறியை வெளியிட்டார். காப்பியின்மேல் மிதக்கும் பொன்னிற நுரை அப்போதுதான் தோன்றியது. 1961இல் ஃபயேமா நிறுவனம் வெளியிட்ட ஈ-61 என்னும் பொறியில், கைவலிமைக்கு மாற்றாக மின்சாரப் பம்பு அமைந்தது. அவ்வாண்டு பிப்ரவரி 15ஆம் நாள் இத்தாலியில் காணப்பட்ட முழுச் சூரிய கிரகணத்தை ஒட்டியே அப்பெயர் இடப்பட்டது. 1970இல் ஃபிளாரன்ஸ் நகரத்து லா மார்ஸோக்கோ நிறுவனம், காப்பி வடிக்க ஒரு கொதிகலனும் நீராவிக்கு மற்றொன்றுமாக இரண்டு கொதிகலன்கள் கொண்ட பொறியை வெளியிட்டது.

இவ்வரலாறு முழுவதும் ஒரே நோக்கத்தை உடையது: அழுத்தத்தையும் வெப்பத்தையும் தனித்தனியே ஆட்சி செய்தல். இன்று விற்பனைக்கு வரும் எந்தப் பொறியையும் இந்த உரைகல்லில் உரைத்துப் பார்க்கலாம்.

அழுத்தமும் பம்பும்

ஒரு பார் என்பது ஏறத்தாழப் பத்து மீட்டர் உயர நீர்த்தம்பத்தின் அழுத்தமாகும். ஆகவே 9 பார் என்பது தொண்ணூறு மீட்டர் உயரமுள்ள நீர்த்தொட்டியின் அடியில் உள்ள அழுத்தத்திற்கு ஒப்பானது. பெரும்பாலான உயர்தரப் பொறிகளில் தூள் வைக்கும் கூடையின் விட்டம் 58 மில்லிமீட்டர். அதன் பரப்பு 26 சதுர சென்டிமீட்டருக்குச் சற்று மிகுதி. அப்பரப்பின்மீது 9 பார் அழுத்தம் செலுத்தும் விசை, ஏறத்தாழ 240 கிலோகிராம் எடைக்குச் சமம். வடிக்கும்போது கைப்பிடியை ஏன் கழற்றக் கூடாது என்பது இக்கணக்கினால் விளங்கும். வடித்து முடிந்தவுடன் எஞ்சிய அழுத்தத்தை வெளியேற்றும் மூவழி வால்வு உயர்தரப் பொறியில் அமைந்திருத்தல் வேண்டும்.

பெட்டியின்மேல் "15 பார்", "20 பார்" என்று பெரிதாக அச்சிடப்பட்டிருப்பதைக் கண்டு மயங்குதல் கூடாது. நீரோட்டமே இல்லாதபோது பம்பு எட்டக்கூடிய உச்ச அழுத்தம் அது. காப்பிக்கு வேண்டுவது 9 பார் மட்டுமே. அதற்கு மேற்பட்டால் தூட்படுகை இறுகிப் பிளந்து, நீர் பிளவின் வழியே மட்டும் பாயும். பிளவின் ஓரத்துத் தூள் மிகையாகவும் எஞ்சியது குறைவாகவும் கரைவதால், ஒரே கிண்ணத்தில் புளிப்பும் கசப்பும் சேர்ந்து வரும். எனவே, பம்பின் உச்ச அளவைவிட, வடிக்கும் இடத்து அழுத்தத்தைக் காட்டும் மானியும், அதனைச் சரிசெய்யும் வால்வும் உள்ளனவா என்பதே கேட்கத்தக்க வினா.

பம்புகள் இருவகைப்படும். அதிர்வுப் பம்பில் மின்காந்தம் ஒரு சிறு பிஸ்டனை முன்னும் பின்னும் இயக்குகிறது. இது மலிவானது, மாற்றுவதும் எளிது, ஒலி மட்டும் சற்று மிகுதி. சுழற்சிப் பம்பு மோட்டாரினால் இயங்குவது. இது அமைதியானது, நெடுங்காலம் உழைப்பது, குழாய் நீருடன் நேரே இணைக்கவும் ஏற்றது. கிண்ணத்தின் சுவையளவில் இரண்டிற்கும் பெரும் வேறுபாடு இல்லை. அமைதிக்காகவும் உழைப்பிற்காகவுமே சுழற்சிப் பம்பிற்குக் கூடுதல் விலை கொடுக்கலாம்.

வெப்பநிலையும் கொதிகலன் வகைகளும்

விலை வேறுபாட்டின் பெரும்பகுதி இங்கேதான் அமைந்துள்ளது. வடிக்கும் நீரின் வெப்பம் இரண்டு மூன்று டிகிரி மாறினாலும் சுவை மாறுவதை நாவால் உணரலாம். பால் நுரைக்கத் தேவையான நீராவிக்கோ 120 டிகிரி அளவு வேண்டும். வீட்டு பிரஷர் குக்கரில் எடை எழும்பும்போது உள்ளே நிலவும் நிலையும் ஏறத்தாழ இதுவே. ஒரு பொறி இவ்விரு வெப்பநிலைகளையும் எவ்வாறு தருகிறது என்பதைப் பொறுத்து அது நான்கு வகைகளுள் ஒன்றில் அடங்கும்.

முதல் வகை ஒற்றைக் கொதிகலன் பொறி. ஒரே கொதிகலன் காப்பிக்கு 93 டிகிரியிலும் நீராவிக்கு 120 டிகிரியிலும் மாறி மாறி இயங்குகிறது. பாலின்றிக் குடிப்போர்க்கு இது போதும். பால் கலந்து நான்கைந்து கிண்ணம் தயாரிக்க வேண்டிய இல்லத்தில், ஒவ்வொரு முறையும் சூடேற்றியும் ஆற்றியும் காத்திருப்பது பெருந்தொல்லை.

இரண்டாம் வகை வெப்பமாற்றிப் பொறி. நீராவிக் கொதிகலனின் ஊடே ஒரு குழாய் செல்கிறது. புதுநீர் அக்குழாயில் ஓடும்போதே சூடேறி வடிமுனையை அடைகிறது. காப்பியும் நீராவியும் ஒருங்கே கிடைக்கும். ஆனால் பொறி சிறிது நேரம் வாளா இருந்தால் குழாயிலுள்ள நீர் மிகையாகச் சூடேறிவிடும். வடிக்குமுன் சிறிது நீரை வெளியே விட்டு ஆற்றுதல் வேண்டும். இப்பழக்கம் கைவந்தால் இவ்வகை நிறைவு தரும்.

மூன்றாம் வகை இரட்டைக் கொதிகலன் பொறி. வடித்தலும் நீராவியும் தனித்தனிக் கொதிகலன்களில் நிகழ்வதால், வடிக்கும் வெப்பநிலையை ஒவ்வொரு டிகிரியாக மாற்றி நிலைநிறுத்தலாம். பல்வேறு தோட்டத்துக் கொட்டைகளையும் வெவ்வேறு வறுவல்களையும் ஒப்பிட்டுச் சுவைப்போர்க்கு இதுவே உகந்தது. விலையும், எடையும், பழுதடையக்கூடிய உறுப்புகளும் இதில் மிகுதி.

நான்காம் வகையில் கொதிகலனே இல்லை. உலோகக் கட்டியினுள் வளைந்து செல்லும் நுண்வழிகளில் ஓடும்போதே நீர் சூடேறுகிறது. சில நிமிடங்களுக்குள் ஆயத்தமாகிவிடும், மின்செலவும் குறைவு. நீராவியின் வலிமை மட்டும் பொதுவாகக் குறைவு. இந்நான்கும் அன்றி, வில்சுருள் நெம்புகோல் பொறிகளும் இன்றும் கிடைக்கின்றன. அவற்றிற்குப் பம்பு வேண்டுவதில்லை; பழகிய கை வேண்டும்.

பழைய தெர்மோஸ்டாட்டு வெப்பம் தாழ்ந்தபின் சூடேற்றியை இயக்கி, உயர்ந்தபின் நிறுத்தும். ஆதலின் வெப்பநிலை பல டிகிரி ஏறி இறங்கும். பி.ஐ.டி. என வழங்கும் மின்னணு ஒழுங்கியோ, வெப்பநிலை குறியளவை நெருங்கும் வேகத்தையும் கணக்கிட்டு மின்னோட்டத்தைச் சிறிது சிறிதாகக் குறைக்கிறது. எவ்வகைப் பொறியாயினும் இவ்வமைப்பு உள்ளதற்குச் சிறிது கூடுதல் விலை கொடுப்பது தகும்.

பால் நுரைத்தலில் ஆசிரியர்களுக்குப் பயன்படும் ஒரு கணக்கு உண்டு. 150 மில்லிலிட்டர் பாலை 5 டிகிரியிலிருந்து 60 டிகிரிக்குச் சூடேற்ற ஏறத்தாழ 33 கிலோ ஜூல் வெப்பம் வேண்டும். நீராவி குளிர்ந்து நீராகும்போது வெளிவிடும் உள்ளுறை வெப்பமே இதில் பெரும்பகுதியைத் தருகிறது. இதற்கு ஏறத்தாழ 14 கிராம் உலர்ந்த நீராவி போதும். அதே அளவு நீர் பாலில் சேரும். நீராவி ஈரமாக இருந்தால் இன்னும் மிகுதியான நீர் சேர்ந்து பால் நீர்த்துவிடும். பெரிய நீராவிக் கொதிகலனின் பயன் விரைவு மட்டுமன்று. உலர்ந்த நீராவியும் ஆகும்.

மலைவாழ் பகுதியினர் மற்றொன்றையும் கருத வேண்டும். கடல்மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரமுள்ள உதகமண்டலத்தில் நீர் ஏறத்தாழ 92 அல்லது 93 டிகிரியிலேயே கொதிக்கிறது. அழுத்தமானி காட்டுவது சுற்றுப்புறக் காற்றழுத்தத்திற்கு மேற்பட்ட அழுத்தத்தை மட்டுமே. ஆகவே மானி ஒரு பார் காட்டும்போது கொதிகலனின் வெப்பம் கடற்கரையில் 120 டிகிரியாகவும், உதகையில் ஏறத்தாழ 116 டிகிரியாகவும் இருக்கும். அழுத்தத்தைக் கொண்டு ஒழுங்குபடும் பொறிகளை மலைப்பகுதியில் மறுபடி சரிசெய்தல் வேண்டும்.

அரைவைப் பொறி

தூளின் நுண்மையே நீரோட்டத்தின் தடை. தூள் சிறிது பருமனானால் நீர் பத்து வினாடியில் பாய்ந்து வடிநீர் வெளிறிவிடும். சிறிது நுண்ணியதானால் சொட்டுச் சொட்டாக இறங்கும். இரு எல்லைகளுக்கும் இடையேயுள்ள வேறுபாடு கண்ணுக்குப் புலனாகாத அளவு சிறிது. ஆகவே அரைவைப் பொறியின் பற்சக்கரங்களை மிக நுட்பமாக நகர்த்தும் வசதி இருத்தல் வேண்டும். அலகினால் வெட்டும் மிக்ஸி பருமனும் நுண்மையும் கலந்த தூளையே தருமாதலின் இதற்குப் பயன்படாது. கடையில் அரைத்த தூள் மணத்தை விரைவில் இழந்துவிடும். அதன் நுண்மையையும் மாற்ற இயலாது. சிக்கரி கலந்த தூளை வடிகட்டிக்கு ஒதுக்கிவிட்டு, இப்பொறிக்கு வறுத்த தூய கொட்டையையே கொள்ளுதல் நன்று.

மொத்தத் தொகையில் மூன்றில் ஒரு பங்கையாவது அரைவைப் பொறிக்கு ஒதுக்குவது அறிவுடைமை. நல்ல அரைவைப் பொறியும் நடுத்தரக் காப்பிப் பொறியும் சேர்ந்தால் நல்ல காப்பி கிடைக்கும். இதை மாற்றி அமைத்தால் கிடைக்காது.

நீரின் தன்மை

உயர்தரப் பொறிகள் பல வீணாவது நீரினாலேயே. கடின நீரிலுள்ள பைகார்பனேட்டு வெப்பத்தால் சிதைந்து, கால்சியம் கார்பனேட்டாகக் கொதிகலனின் உட்புறத்தில் படிகிறது. இக்காறை வெப்பத்தைத் தடுக்கும், நுண்துளைகளை அடைக்கும். இரட்டைக் கொதிகலன் பொறிகளில் அமிலமிட்டுக் காறையை நீக்குவது கடினம். படியாமல் தடுப்பதே நல்வழி.

அதற்காக எதிர்ச்சவ்வூடு பரவல் முறையில் தூய்மையாக்கிய ஆர்.ஓ. நீரை மட்டும் ஊற்றுவதும் பிழையாகும். உப்பற்ற நீர் உலோகத்தை அரிக்கும். மேலும் நீராவிக் கொதிகலனின் நீர்மட்டம் பெரும்பாலும் நீரின் மின்கடத்துதிறனைக் கொண்டே உணரப்படுகிறது. நீரில் உப்புகள் மிகக் குறைந்தால் அவ்வுணர்வி செயலற்று, கொதிகலன் அளவுக்கு மீறி நிரம்பக்கூடும். காப்பியின் சுவையும் வெறுமையாகும். கால்சியம் கார்பனேட்டு அளவில் லிட்டருக்கு 50 முதல் 100 மில்லிகிராம் வரை கடினத்தன்மை உள்ள நீர் உகந்தது. ஆர்.ஓ. நீருடன் வடிகட்டிய குழாய் நீரை உரிய விகிதத்தில் கலந்து இவ்வளவை அடையலாம். குளோரைடு மிகுந்த நீர் எவர்சில்வரையும் அரிக்குமாதலின் உவர்நீரை இவ்வாறு கலத்தலாகாது. மின்கடத்தலை அளக்கும் சிறு கருவி மொத்த உப்பைக் காட்டுமேயன்றிக் கடினத்தன்மையைக் காட்டாது. பள்ளி வேதியியல் ஆய்வகத்தில் இ.டி.டி.ஏ. கரைசலைக் கொண்டு செய்யும் தரம் பார்த்தலே இதற்குச் சரியான சோதனை. மாணவர்கள் தத்தம் வீட்டு நீரைக் கொணர்ந்து இதனைச் செய்து பார்க்கலாம்.

மின்னிணைப்பும் பாதுகாப்பும்

நம் நாட்டு மின்வழங்கல் 230 வோல்ட்டு, 50 சுற்று. ஆறு ஆம்பியர் இணைப்பு ஏறத்தாழ 1,380 வாட் வரையே தாங்கும். உயர்தரப் பொறிகள் பல இதற்கு மேற்பட்டவை. ஆகவே நல்ல நில இணைப்புடன் கூடிய 16 ஆம்பியர் இணைப்பும், மின்கசிவைத் துண்டிக்கும் காப்புச் சாதனமும் இன்றியமையாதவை. மின்தடைக்காக வீடுகளில் வைக்கும் சிறிய இன்வெர்ட்டர் இச்சுமையைத் தாங்காது.

அமெரிக்காவிலிருந்து உறவினர் கொணரும் பொறிகளில் தனி எச்சரிக்கை தேவை. அவை 120 வோல்ட்டு, 60 சுற்றுக்கு அமைந்தவை. மின்மாற்றி வோல்ட்டைக் குறைக்குமேயன்றிச் சுற்றெண்ணை மாற்றாது. வினாடிக்கு 60 முறை அடிக்க வேண்டிய அதிர்வுப் பம்பு இங்கு 50 முறையே அடிக்கும். இத்தகைய பொறிக்குப் பழுதுபார்க்கும் உறுப்புகளும் இங்கு எளிதிற் கிடையா.

மின்செலவில் பெரிது நீரைச் சூடேற்றும் செலவன்று. இரண்டு லிட்டர் நீரை 25 டிகிரியிலிருந்து 93 டிகிரிக்கு உயர்த்த 0.16 யூனிட்டே போதும். ஈ-61 வகை வடிமுனையோ ஏறத்தாழ 4 கிலோகிராம் எடையுள்ள பித்தளை. அது முழுதும் சூடேற அரைமணி நேரம் ஆகும். அதனால் பலர் பொறியை நாள்முழுதும் இயக்கத்திலேயே விட்டுவிடுகின்றனர். பொறி சராசரி 100 வாட் வீதம் வெப்பத்தை இழப்பதாகக் கொண்டால், 16 மணி நேரத்தில் 1.6 யூனிட் வீணாகும். காலையிலும் மாலையிலும் தானே இயக்கும் காலக்கருவி ஒன்றை இணைத்தல் சிக்கனம்.

வாங்குமுன் செய்யத்தக்க சோதனை

விற்பனை நிலையத்தில் பொறியின் பளபளப்பை நோக்குவதினும் பின்வரும் சோதனையைச் செய்து காட்டுமாறு கேட்பது பயன் தரும். ஒரே கொட்டையை ஒரே நுண்மையில் அரைத்து, 18 கிராம் வீதம் நிறுத்து, இடைவிடாது மூன்று முறை வடிக்க வேண்டும். ஒவ்வொரு முறையும் வடிநீர் 36 கிராம் வந்ததும் நிறுத்தி, ஆன வினாடிகளைக் குறிக்க வேண்டும். மூன்று காலங்களும் மிகவும் வேறுபட்டால், குறை அரைவையிலோ தூளை அழுத்திய கையிலோ உள்ளது. காலங்கள் ஒத்திருந்தும் சுவை படிப்படியாகப் புளிப்பை நோக்கிச் சென்றால், பொறி தன் வெப்பத்தை இழந்து வருகிறது எனலாம். மூன்று கிண்ணங்களும் ஒத்த சுவையுடன் இருந்தால் அப்பொறி தன் கடமையைச் செய்கிறது.

அடுத்து, பின்மூடியைத் திறந்து காட்டச் சொல்லலாம். கொதிகலன், பம்பு, வால்வு ஆகியவை சாதாரணத் திருப்புளிகொண்டு கழற்றத்தக்கவையா, ரப்பர் வளையம் போன்ற தேயும் உறுப்புகள் பொதுச் சந்தையில் கிடைப்பவையா, பழுதுபார்ப்போர் எந்த ஊரில் உள்ளனர் என்பவற்றைக் கேட்டறிதல் வேண்டும். நன்கு அமைந்த பொறி பல்லாண்டுகள் உழைக்கும். சிறு வால்வு ஒன்று கிடைக்காமையால் மூலையில் முடங்கிய பொறிக்கு அதன் விலை எவ்வளவாயினும் பயனில்லை.

முடிவுரை

பாலின்றி ஓரிரு கிண்ணம் பருகுவோர்க்கு, பி.ஐ.டி. அமைந்த ஒற்றைக் கொதிகலன் பொறி போதும். நாள்தோறும் பால் கலந்து பல கிண்ணம் வேண்டும் குடும்பத்திற்கு வெப்பமாற்றிப் பொறி ஏற்றது. கொட்டையின் தரத்தை ஆராய்ந்து ஒப்பிட விரும்புவோர்க்கும், தம் தோட்டத்து விளைச்சலைத் தாமே சுவைத்தறிய முனையும் விவசாயிகளுக்கும் இரட்டைக் கொதிகலன் பொறி தகும். மூவர்க்கும் பொதுவான விதி ஒன்றுண்டு: முதலில் நீரைச் சோதிக்க, அடுத்து அரைவைப் பொறியைத் தேர்க, அதன்பின் எஞ்சிய தொகைக்கேற்பக் காப்பிப் பொறியை வாங்குக.

உயர்ந்த விலை நல்ல காப்பியைத் தருவதில்லை. ஒருமுறை கிடைத்த நல்ல காப்பியை மறுநாளும் மாறாமல் பெறும் உறுதியையே தருகிறது. அவ்வுறுதி தேவைப்படுவோர் அதற்குரிய விலையைக் கொடுக்கலாம். தேவைப்படாதோர் அத்தொகையில் ஒரு பகுதியைப் புதிதாய் வறுத்த நல்ல கொட்டைக்குச் செலவிடுவாராயின், அவர் கிண்ணமும் நிறையும். மலைச்சரிவில் அதனை விளைவித்தவரும் பயன் பெறுவர்.